மனுவைத் திரும்பப் பெறும்போது மற்ற வழிகள் அடைபடாமல் பார்த்துக்கொள்வது எப்படி?

என் நிலத்தின் பட்டாவை வேறொருவர் பெயருக்கு மாற்றிய வட்டாட்சியர் உத்தரவை எதிர்த்து, சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு (அரசு அதிகாரியின் உத்தரவை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) தாக்கல் செய்திருந்தேன். 1983ஆம் ஆண்டுப் பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தின் 12ஆம் பிரிவில் மேல்முறையீட்டுக்கு வழியிருக்கும்போது நேராக இங்கே ஏன் வந்தீர்கள் என்று நீதிபதி கேட்டதும், மனுவைத் திரும்பப் பெறுவதே நல்லது என்று முடிவு செய்தோம்.

முதலில், அடுத்து எங்கே போகப்போகிறீர்கள் என்பதை வழக்கறிஞருடன் பேசித் தீர்மானியுங்கள். கோட்டாட்சியரிடம் மேல்முறையீடா, சிவில் நீதிமன்றத்தில் உரிமை விளம்புகை வழக்கா (நிலம் என்னுடையது என்று அறிவிக்கக் கோரும் வழக்கு), புதிய ரிட் மனுவா என்பது தெரியாமல், அந்த வழியில் போக நீதிமன்றத்தின் அனுமதியைக் கேட்க முடியாது.

அடுத்தது கோரிக்கை. உயர் நீதிமன்றத்தில் வழக்கறிஞர் வழக்குக் கட்டிலேயே மேற்குறிப்பு எழுதிக் கையொப்பமிடுவது வழக்கம். அதில் "மனுவைத் திரும்பப் பெறுகிறோம்" என்பதோடு நிறுத்தாமல், "கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்யும் உரிமையுடன்" என்று குறிப்பிட்ட வழியின் பெயரைச் சொல்லியே எழுதச் சொல்லுங்கள். "சட்டப்படியான வழிகள்" என்ற பொதுவான சொற்றொடர் எனக்கு ஒருபோதும் போதுமானதாகத் தோன்றியதில்லை.

நான் சறுக்கியது இதற்குப் பிறகுதான். நீதிபதி வாய்மொழியாகச் சம்மதித்ததைக் காதால் கேட்டுவிட்டு நிம்மதியாக ஊர் திரும்பினேன். இணையதளத்தில் வெளியான உத்தரவிலோ "திரும்பப் பெற்றதால் தள்ளுபடி செய்யப்படுகிறது" என்ற ஒரே வரிதான் இருந்தது. 1986இல் சர்குஜா டிரான்ஸ்போர்ட் சர்வீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த விதிப்படி, அனுமதி பெறாமல் ரிட் மனுவைத் திரும்பப் பெற்றவர் அதே காரணத்துக்காக உயர் நீதிமன்றத்தில் மீண்டும் ரிட் மனு போட முடியாது. சிவில் வழக்கு போன்ற பிற வழிகளை அந்தத் தீர்ப்பு அடைக்கவில்லை. ஆயினும் "தள்ளுபடி" என்ற சொல்லைக் கண்டதும் "நீங்கள்தான் தோற்றுவிட்டீர்களே" என்று எதிர்த்தரப்பு வாதிட அது இடம் கொடுத்துவிடும். வழக்கறிஞர் அதே நீதிபதியின் முன் முறையிட்டு, வழக்கை மறுபடி பட்டியலில் சேர்க்கச் செய்து, விடுபட்ட வாசகத்தை உத்தரவில் சேர்த்து வாங்கினார். ஆகவே உத்தரவு வெளியான அன்றே ஒவ்வொரு வரியாகப் படித்துவிடுங்கள். கைப்பேசியில் இறக்கிய நகலை நம்பாமல், சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பிப்பதையே நான் விரும்புகிறேன்.

சிவில் வழக்காக இருந்தால் 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 23, விதி 1 பொருந்தும். வடிவக் குறைபாடு (வழக்கின் சாரத்தைத் தொடாத நடைமுறைக் குறை) அல்லது போதிய வேறு காரணம் இருப்பதைக் காட்டி, அதே பொருள் குறித்துப் புது வழக்குப் போட அனுமதி கேட்க வேண்டும். அனுமதி இல்லாமல் திரும்பப் பெற்றால் புது வழக்குக்குத் தடை விழும். செலவுத்தொகையும் கட்ட நேரலாம்.

பின்சேர்க்கை: அனுமதி கிடைத்தால் புது வழக்குப் போடுவதற்கான காலக்கெடுவும் நீளுமா என்று வாசகர்கள் சிலர் கேட்டிருந்தார்கள். நீளாது. முதல் வழக்கே போடப்படாதது போலக் காலம் ஓடும் என்கிறது அதே கட்டளையின் விதி 2. அதிகார வரம்புக் குறை (வழக்கை விசாரிக்க அந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லாதது) போன்ற காரணங்களுக்காக அனுமதி தரப்பட்டிருந்தால் மட்டுமே, முதல் வழக்கில் கழிந்த காலத்தைக் கழித்துக்கொள்ள 1963ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 14ஆம் பிரிவு உதவக்கூடும். அண்ணன் தம்பிகள் சேர்ந்து போட்ட வழக்கை ஒருவர் மட்டும் திரும்பப் பெறலாமா என்பது இன்னொரு கேள்வி. மற்ற வாதிகளின் சம்மதம் இல்லாமல் நீதிமன்றம் அதற்கு அனுமதி தராது.