கமிஷனர் ரூலிங் போட்டதும் லேபர் கோர்ட்டுக்கு ஓடாதீர்கள்

ஆடி மாதம் தென்னாப்பிரிக்காவில், டர்பன் நகரின் சாட்ஸ்வொர்த்தில் மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றுகிற வீடுகளுக்குப் போனால், யாராவது ஒருவர் என்னை ஓரமாகக் கூப்பிட்டு, "அண்ணே, சி.சி.எம்.ஏ.வில் வக்கீல் வைக்க முடியாது என்று கமிஷனர் சொல்லிவிட்டார், லேபர் கோர்ட்டுக்குப் போய் இதை உடைக்கலாமா?" என்று கேட்பார். சி.சி.எம்.ஏ. என்பது வேலைத் தகராறுகளைப் பேசித் தீர்த்துவைக்கிற, தீராவிட்டால் விசாரித்து முடிவு சொல்கிற அமைப்பு. அங்கே விசாரிப்பவர்தான் கமிஷனர். வழக்கின் நடுவில் அவர் போடும் உத்தரவு ரூலிங், கடைசித் தீர்ப்பு அவார்ட். லேபர் கோர்ட்டுக்குப் போகலாம், யாரும் கையைப் பிடித்துத் தடுக்கப் போவதில்லை. ஆனால் காசும் மாதக்கணக்கில் நேரமும் போவதுதான் மிச்சம்.

1995ஆம் ஆண்டின் தொழிலுறவுச் சட்டத்தில் 158(1பி) என்று ஒரு பிரிவு இருக்கிறது, 2015 ஜனவரி 1 முதல் நடப்பில் உள்ளது. சமரசப் பேச்சோ, ஆர்பிட்ரேஷனோ (இரு தரப்பையும் கேட்டுக் கமிஷனரே முடிவு சொல்லும் விசாரணை) நடக்கும்போது கமிஷனர் போடும் ரூலிங்கை, இறுதி அவார்ட் வரும்வரை லேபர் கோர்ட் ரிவியூ (மறுஆய்வு) செய்யக் கூடாது. இப்போதே தலையிடுவதுதான் நியாயம் என்று கோர்ட்டுக்கே பட்டால் மட்டும் விதிவிலக்கு. எண்ணம் பழையதுதான்: 1959இல் வால்ஹாஸ் என்ற மாஜிஸ்ட்ரேட் கோர்ட் வழக்கிலேயே, பெரிய அநியாயம் நடந்துவிடும் அல்லது வேறு வழியில் நீதி கிடைக்காது என்கிற அபூர்வமான நிலையில்தான் மேல்கோர்ட் பாதி விசாரணையில் கைவைக்கும் என்று சொல்லிவிட்டார்கள்.

இது நமக்கு எதிரான சட்டம் என்று நினைப்பதுதான் முதல் தவறு. ஒவ்வொரு ரூலிங்குக்கும் கோர்ட் ஏற முடிந்தால் யாருக்கு லாபம்? சம்பளம் இல்லாமல் வீட்டில் உட்கார்ந்திருப்பவருக்கா, வக்கீலுக்கு மாதாமாதம் பணம் கட்டக்கூடிய முதலாளிக்கா? அதனால் கம்பெனி வக்கீலிடமிருந்து "ரிவியூ போட்டுவிட்டோம், விசாரணைக்கு வரத் தேவையில்லை" என்று கடிதம் வந்தால் நம்பி வீட்டில் இருந்துவிடாதீர்கள். ரிவியூ தாக்கல் செய்ததாலேயே விசாரணை தானாக நின்றுவிடாது. வழக்கைக் கொண்டுவந்தவரே வராவிட்டால் அதைத் தள்ளுபடி செய்யக் கமிஷனருக்கு அதிகாரம் உண்டு.

அப்புறம், கோபத்தில் எழுந்து போய்விடுவது. தள்ளிவைக்கக் கேட்டு மறுத்தாலும், ஒரு சாட்சியத்தை ஏற்க மறுத்தாலும், கமிஷனரை விலகச் சொல்லி அவர் விலகாவிட்டாலும், உங்கள் ஆட்சேபணையைக் காரணத்தோடு வாய்விட்டுச் சொல்லுங்கள். ரெக்கார்டிங் ஓடுகிறதா என்று ஒரு தடவை பார்த்துக்கொள்ளுங்கள். மனதுக்குள் முனகியது எந்த ரெக்கார்டிலும் இருக்காது. அவார்ட் பாதகமாக வந்தால், அந்த ரூலிங்கால் விசாரணையே கெட்டுவிட்டது என்று அப்போது ஒரே ரிவியூவில் சேர்த்துக் கேட்கலாம்.

அப்போதும் ரிவியூவை அப்பீல் என்று குழப்பிக்கொள்ளக் கூடாது. கமிஷனர் சொன்னது தப்பு என்று காட்டினால் மட்டும் போதாது, நிதானமான எந்தக் கமிஷனரும் வந்திருக்க முடியாத முடிவா என்பதுதான் 2007இல் அரசியலமைப்பு நீதிமன்றம் சிடுமோ வழக்கில் வைத்த அளவுகோல். சி.சி.எம்.ஏ. கோர்ட் அல்ல, நிர்வாகத் தீர்ப்பாயம் என்று சொன்னதும் அதே வழக்குதான்.

இதற்கு நேர் எதிரான தவறு ஒன்று உண்டு, என் கணக்கில் இதுதான் அதிகம் வலிக்கும். வேலை நீக்கத்துக்கு 30 நாளுக்குள் சி.சி.எம்.ஏ.வில் மனுப் போட வேண்டும். தாமதமானால், தாமதத்தை மன்னித்து மனுவை ஏற்கும்படி கேட்க வேண்டும். அந்த மன்னிப்பை மறுத்தோ, இந்த வழக்கை விசாரிக்க அதிகாரமே இல்லை என்றோ ரூலிங் வந்தால், அதுவும் சும்மா ரூலிங்தானே, அவார்ட் வரட்டும் என்று காத்திருக்கிறார்கள். எந்த அவார்ட்? வழக்கு அன்றோடு முடிந்துவிட்டது. இங்கே மட்டும் தாமதிக்காமல் ரிவியூவுக்குப் போக வேண்டும். அவார்டுக்கு உள்ள ஆறு வாரக் கெடுவையே இதற்கும் கணக்காக வைத்து, ரூலிங் உங்கள் கைக்கு வந்த தேதியை அந்தத் தாளின் மேலேயே பேனாவால் எழுதிவிடுங்கள்.