தவணை மாறவில்லை, காலம் நீண்டிருந்தது

வட்டி விகிதம் ஏறியபோதெல்லாம் வங்கி என் வீட்டுக் கடனின் மாதத் தவணையைத் தொடாமல், கடன் காலத்தை மட்டும் நீட்டிக்கொண்டே போயிருந்தது கணக்கு அறிக்கையில் தெரிந்தது. அதன் உண்மையான விலையை அறிய, தவணை அட்டவணையை நானே போட்டுப் பார்த்தேன். ஆண்டுக்கு 9 சதவீத வட்டியில் அசல் 100 என்றால், 20 ஆண்டுகளில் ஏறத்தாழ 216 கட்ட வேண்டும். முதல் தவணையில் ஆறில் ஐந்து பங்கு வட்டிக்கே போய்விடுகிறது. அதையே 15 ஆண்டுகளில் முடித்தால் தவணை சுமார் 13 சதவீதம் கூடினாலும், மொத்தம் 183 ஆகக் குறைகிறது. எனவே, பழைய காலத்தையே வைத்துத் தவணையை உயர்த்துமாறு எழுதிக் கொடுத்தேன். கூடுதல் தொகையை அசலில் கழிக்கும்போதும், குறைய வேண்டியது காலமே, தவணை அல்ல என்று விண்ணப்பத்தில் தெளிவாகக் குறிப்பிடுகிறேன்.