பிள்ளை யாரிடம் இருப்பது என்ற கட்டளையை மாற்றக் கேட்பது எப்படி?

பிரிந்துபோன தாய் தகப்பனில் யாரிடம் பிள்ளை இருப்பது என்று நீதிமன்றம் ஒருமுறை சொல்லிவிட்டால் அதோடு எல்லாம் முடிந்தது என்றுதான் வன்னியில் பலரும் நினைக்கிறார்கள். அப்படியில்லை. பிள்ளைக்கு 18 வயதாகும்வரை, நிலைமை மாறினால் கட்டளையையும் மாற்றித் தரச்சொல்லிக் கேட்கலாம். ஆனால் நீதிமன்றத்திடம்தான் கேட்கவேண்டும். லீவுக்கு வந்த பிள்ளையைத் திருப்பி அனுப்பாமல் மறித்து வைத்தால், உங்கள் பக்கம் எவ்வளவு நியாயம் இருந்தாலும் நீதிபதிக்கு முதலில் தெரிவது நீங்கள் கட்டளையை மீறியதுதான். பிள்ளைக்கு ஆபத்து என்றால் மட்டும் காத்திருக்க வேண்டாம், உடனே சிறுவர் உதவித் தொலைபேசி இலக்கமான 1929க்கு அழையுங்கள்.

1. கையில் இருக்கும் கடதாசியைப் பாருங்கள்

பொலிஸில் இரண்டு பேரும் கையெழுத்து வைத்த இணக்கம் நீதிமன்றக் கட்டளை ஆகாது. நீதவான் நீதிமன்றத்தில் 1999ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கச் சட்டப்படி கிடைத்த தாபரிப்புக் கட்டளையும் பணத்தைப் பற்றியது மட்டுமே. பிள்ளை யாரிடம் இருப்பது என்று தீர்மானிப்பது மாவட்ட நீதிமன்றம். விவாகரத்து வழக்கில் கட்டளை தந்திருந்தால் அந்த வழக்கு இலக்கத்தைத் தேடி எடுங்கள், அதே நீதிமன்றத்துக்குத்தான் திரும்பப் போகவேண்டும்.

2. என்ன மாறியது?

தாய் குவைத்துக்கு வேலைக்குப் போய் மாங்குளத்தில் அம்மம்மாவோடு பிள்ளை தனியே நிற்கிறது, அல்லது வெளிநாட்டில் நின்ற தாய் இப்போது வந்துவிட்டார், அல்லது பிள்ளை பள்ளிக்கூடம் போவதே நின்றுவிட்டது. இப்படி ஏதாவது இருக்கவேண்டும். பழைய சண்டையில் யார் பிழை என்பதை மனுவில் நிரப்பாதீர்கள். நீதிமன்றம் முதலில் பார்ப்பது பிள்ளையின் நலனை.

3. ஆதாரம் சேருங்கள்

இதில்தான் அதிகம் மினக்கெட வேண்டும். பாடசாலை வரவு, தேர்ச்சி அறிக்கை, கிளினிக் கொப்பி, பிறப்புச் சான்றிதழ் (இடம்பெயர்வில் தொலைந்திருந்தால் பிரதேச செயலகத்தில் பிரதி எடுக்கலாம்). ஒரு கொப்பியில் திகதி போட்டு எழுதி வாருங்கள். ‘அவர் எப்பவும் இப்படித்தான்’ என்று எழுதிப் பயனில்லை. ‘ஞாயிறு 4 மணிக்குக் கொண்டுவந்து விடவேண்டியவர் இரவு 9 மணிக்கு விட்டார், பிள்ளை சாப்பிடவில்லை, அடுத்தநாள் பள்ளிக்கூடம் போகவில்லை’ என்று எழுதினால் அதை வரவுப் பதிவோடு ஒப்பிட்டுப் பார்க்க முடியும்.

4. மனுப் போடுவது

சட்டத்தரணி மனுவும் சத்தியக் கடதாசியும் தயாரித்துப் பதிவு செய்வார், மற்றப் பக்கத்துக்கு அறிவித்தல் போகும். காசு இல்லையென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவிடம் போங்கள், கிராம அலுவலரிடம் வருமானக் கடிதம் எடுத்துக்கொண்டு போவது நல்லது. அவசரமென்றால், வழக்கு முடியும்வரைக்கான இடைக்காலக் கட்டளையும் கேட்கச் சொல்லுங்கள்.

5. பிள்ளையிடம் விசாரிக்கும்போது

நன்னடத்தை அலுவலரின் அறிக்கையை நீதிபதி கேட்கலாம், விவரம் தெரிந்த பிள்ளையென்றால் தன் அறையில் வைத்தே தனியாகக் கதைக்கலாம். தயவுசெய்து பிள்ளைக்குச் சொல்லிக் கொடுத்துக் கூட்டிப்போகாதீர்கள். பாடமாக்கிய பேச்சு அனுபவமுள்ள நீதிபதிக்குத் தெரியும், அதைவிட அப்பாவையோ அம்மாவையோ காட்டிக்கொடுத்துவிட்டோம் என்ற பாரம் அந்தப் பிள்ளைக்குத்தான். ‘நீதிபதி ஐயா கேட்டால் உனக்குத் தோன்றுறதைச் சொல்லு, நான் கோபிக்கமாட்டன்’ என்று மட்டும் சொல்லுங்கள்.

6. இணங்கிப்போனாலும் எழுத்தில்

இரண்டு பேரும் சம்மதித்தால் அதை நீதிமன்றத்தில் சமர்ப்பித்துக் கட்டளையாகவே எடுங்கள். ‘பொருத்தமான நேரத்தில் பார்க்கலாம்’ என்று விட்டால் அடுத்த மாதமே சண்டை வரும். எந்தக் கிழமை, எத்தனை மணி, எந்த பஸ் தரிப்பிடம், தைப்பொங்கல் யாரோடு, தவணை லீவு யாரோடு, போன் எப்போது எடுப்பது, எல்லாவற்றையும் எழுதிக்கொள்ளுங்கள். கட்டளை வந்ததும் நீதிமன்றப் பதிவாளர் அலுவலகத்தில் அத்தாட்சிப்படுத்திய பிரதிகள் எடுத்து, ஒன்றை அதிபரிடம் கொடுங்கள், பள்ளிக்கூடம் விட்டதும் பிள்ளையை யார் கூட்டிப்போகலாம் என்பது அவருக்கும் தெரியவேண்டும்.