பாக்கின் நண்டு கேனன்: ஒரு நிமிடக் குறும்படம் எடுப்பது எப்படி?

செவ்வியல் இசையைப் பிரித்துப் பார்க்கும் படம் எடுக்க ஆசைப்படுகிறவர்கள், ஜெர்மன் இசையமைப்பாளர் பாக் 1747இல் எழுதிய நண்டு கேனனிலிருந்து தொடங்குங்கள். கேனன் என்பது ஒரே மெட்டை இருவரோ பலரோ ஒன்றின்மேல் ஒன்றாக வாசிக்கும் இசை வடிவம். நண்டு கேனனில் ஒருவர் மெட்டை முதலிலிருந்து வாசிக்க, இன்னொருவர் அதையே கடைசி ஸ்வரத்திலிருந்து பின்னோக்கி வாசிப்பார். இரண்டும் இசைந்து போகும். ‘விகடகவி’ போல, மொத்த இசையும் எந்தப் பக்கமிருந்து வந்தாலும் ஒன்றே. ரிவர்ஸ் வசதி உள்ள எடிட்டிங் ஆப் இருந்தால் இரண்டாவது ஆளே வேண்டாம்.

1. இசைக்குறிப்பை இணையத்தில் இறக்கிக்கொள்ளுங்கள். பாக்கின் இசைக்குக் காப்புரிமை கிடையாது. பிறருடைய ஒலிப்பதிவுக்கு இருக்கலாம் என்பதால் நீங்களே வாசிப்பதுதான் நல்லது. ஒரு குரல், அதாவது ஒருவர் வாசிக்கும் மெட்டு மட்டும் போதும். மொத்தம் 18 பார் (தாளச் சுற்று), பாருக்கு 4 தட்டு, ஆக 72 தட்டு. மெட்ரோனோமை (சீராகத் தட்டு ஒலிக்கும் கருவி) நிமிடத்துக்கு 72 தட்டில் வைத்தால் சரியாக 60 விநாடி.

2. போனைக் கீபோர்டுக்கு நேர் மேலே ஸ்டாண்டில் பொருத்துங்கள். மெட்ரோனோம் ஹெட்போனில் மட்டும் கேட்கட்டும். முதலில் ஆர்கன் ஒலியில் ஒரு டேக், பிறகு பியானோ ஒலியில் ஒரு டேக்.

3. இனி வெட்டுவது. இங்கே பொறுமை வேண்டும். முதல் ஸ்வரம் பிறக்கும் இடத்தில் தொடங்கி, 60ஆவது விநாடியில் நறுக்குங்கள். முதல் முயற்சியில் நான் தொடக்கத்தில் அரை விநாடி மௌனத்தை விட்டுவிட்டேன். ரிவர்ஸ் குரல் அதே அரை விநாடி முந்திப்போய், படம் முழுக்க ஸ்வரங்கள் மோதின.

4. கிளிப்பை நகலெடுத்து ரிவர்ஸ் செய்து, திரையை இரண்டாகப் பிரித்து மேலும் கீழும் வையுங்கள். இரண்டின் ஒலியும் சம அளவில் இருக்கட்டும்.

முதலில் ஆர்கன் டேக்கைக் கேளுங்கள். ஆர்கன் ஒலி அழுத்தும்வரை சீராக நிற்பதால், ரிவர்ஸ் குரலும் இயல்பாகவே கேட்கும். பாக் கட்டிய கட்டிடம் தெளிவாகத் தெரியும். அடுத்து பியானோ. பியானோ ஸ்வரம் தட்டியதும் உரத்துப் பிறந்து மெல்ல அடங்கும். ரிவர்ஸில் அது ஒன்றுமில்லாததிலிருந்து வீங்கி வந்து, விரல் கட்டையை விட்டு எழும் கணத்தில் பட்டென்று அறுபடும். ஸ்வரம் அதேதான், ஆனால் அது பிறந்த விதம் தலைகீழ். பிரித்துப் பார்ப்பது என்று நான் சொல்வது இதைத்தான். பியானோ டேக்கையே படமாக வையுங்கள்.

மெருகேற்ற எஃபெக்ட் எதுவும் சேர்க்க வேண்டாம். 30ஆவது விநாடியில் நிறுத்திப் பாருங்கள்: மேல்கையும் கீழ்க்கையும் ஒரே கட்டையில், ஒரே ஃபிரேமில் நிற்கும். அடுத்த ஃபிரேமிலேயே பிரிந்துவிடும்.