எங்கள் தெருவுக்குச் சாலை வந்த கணக்கு

முதலில் சாலை யாருடையது என்று பாருங்கள்: ஊராட்சியா, ஒன்றியமா, நெடுஞ்சாலைத் துறையா? இது தெரியாமல் நான் இரண்டு மாதம் தப்பான மேசைக்கு மனு கொடுத்துக்கொண்டிருந்தேன்.

ஊராட்சித் தெரு என்றால் 'நமக்கு நாமே' திட்டம் நல்ல வழி. மதிப்பீட்டில் மூன்றில் ஒரு பங்கை மக்கள் கட்டினால் மீதியை அரசு தரும். ஆதிதிராவிடர், பழங்குடியினர் குடியிருப்பு என்றால் ஐந்தில் ஒரு பங்கு போதும். எங்களுக்கு மதிப்பீடு 9 லட்சம். 60 வீடு, வீட்டுக்கு 5,000 என்று 3 லட்சம் சேர்த்தோம். சொல்ல எளிது, கடைசி எட்டு வீட்டுக்கு நடந்ததில் செருப்பே தேய்ந்துவிட்டது. வாடகைக்கு இருப்பவரிடம் கேட்காதீர்கள், வீட்டுக்காரருக்குப் போன் போடுங்கள். ரசீது இல்லாமல் ஒரு ரூபாயும் வாங்காதீர்கள். நான் வாங்கினேன், அப்புறம் தங்கச்சி வீட்டிலேயே சண்டை.

மதிப்பீட்டை ஒன்றியப் பொறியாளர் போட்டுத் தருவார். வடிகால் அதில் இருக்கிறதா என்று கேளுங்கள். எங்களுடையதில் இல்லை, சாலை உயர்ந்து மழைத்தண்ணீர் வாசலுக்கு வந்தது. சரி, பங்குத்தொகை சேரவே இல்லையா? எம்எல்ஏ தொகுதி மேம்பாட்டு நிதிக்கு மனு கொடுங்கள்.