செட்டிநாட்டுத் தெருவில் புதையல் வேட்டை: கைபேசியில் நீங்களே அமைப்பது எப்படி?

போன வைகாசியில் கானாடுகாத்தானில் எங்கள் சொந்தத்தில் ஒரு கல்யாணம். வெளியூரிலிருந்து வந்திருந்த பிள்ளைகள் பதினோரு பேரும் வளவில் (முற்றத்தைச் சுற்றிய தாழ்வாரத்தில்) ஆளுக்கொரு தூணைப் பிடித்துச் சாய்ந்துகொண்டு கைபேசிக்குள் இருந்தார்கள். பர்மாத் தேக்குத் தூண். அது அவர்களுக்கு முதுகு சாய்க்க மட்டும் உதவியது. திட்டிப் பயனில்லை. அந்தக் கைபேசியை வைத்தே இவர்களைத் தெருவில் இறக்கினால் என்ன என்று தோன்றியது. இரண்டு நாளில் ஒரு விளையாட்டை உருவாக்கினேன். முதல் முயற்சி சொதப்பல், இரண்டாவது பரவாயில்லை, மூன்றாவதை இப்போது யார் வந்தாலும் கொடுக்கிறேன். நிரல் எழுதத் தெரிய வேண்டியதில்லை, காசும் செலவில்லை.

விளையாட்டு இதுதான். கைபேசியில் ஒரு துப்பு வரும். அது சொல்லும் இடத்தைத் தேடிப் போய், அங்கே கண்ணால் பார்த்தால்தான் தெரியும் ஒரு பதிலைத் தட்ட வேண்டும். சரியாக இருந்தால் அடுத்த துப்பு திறக்கும். கூடவே வழிகாட்டி தேவையில்லை. நடுவில் டீ குடிக்க உட்கார்ந்தாலும் யாரும் கேட்கப் போவதில்லை.

இதற்கு முன்னோடி ஒன்று உண்டு. ஜிபிஎஸ் சமிக்ஞையில் அமெரிக்க அரசு வேண்டுமென்றே வைத்திருந்த பிழையை 2000 மே மாதத் தொடக்கத்தில் நீக்கியது. அடுத்த நாளே ஆரிகான் மாநிலத்தில் ஒருவர் ஒரு வாளியில் பொருள்களைப் போட்டு மறைத்துவைத்து, அந்த இடத்தின் ஆயத்தொலைவுகளை இணையத்தில் எழுதிவிட்டார். ஜியோகேச்சிங் என்ற பொருள் தேடும் விளையாட்டு அங்கே ஆரம்பித்தது. நாம் எதையும் மறைக்கப் போவதில்லை. தெருவில் ஏற்கெனவே இருப்பதைக் கவனிக்கவைக்கப் போகிறோம்.

முதலில் ஒரு கரு

'செட்டிநாட்டைச் சுற்றிப் பார்ப்போம்' என்பது கரு ஆகாது. இங்குள்ள நகரத்தாரின் (நாட்டுக்கோட்டைச் செட்டியார்களின்) கோயில்களே ஒன்பது. ஊர்கள் எழுபதுக்கும் மேல், சிவகங்கை, புதுக்கோட்டை என்று இரண்டு மாவட்டங்களில் விரிந்து கிடக்கின்றன. ஓர் ஊரை எடுங்கள், அதிலும் ஒரே ஒரு இழையைப் பிடியுங்கள்.

காரைக்குடி என்றால் தமிழையே கருவாக வைக்கலாம். கம்பன் மணிமண்டபம், அதே வளாகத்தில் தமிழ்த்தாய் கோயில், கண்ணதாசன் மணிமண்டபம் என்று நிறுத்தங்கள் தாமே அமையும். சா. கணேசன் 1939இல் கம்பன் கழகத்தைத் தொடங்கிய ஊர் அது. ஆத்தங்குடி என்றால் வேறு யோசனையே வேண்டாம், தரைக்கல்தான். கண்ணாடித் துண்டின் மேல் சட்டம் வைத்து, அச்சுக்குள் வண்ணச் சிமெண்ட் கலவையை ஊற்றி, அச்சை எடுத்துவிட்டுப் பின்பக்கத்தை மணலும் சிமெண்டும் கொண்டு நிரப்பி, தண்ணீரில் ஊறப்போட்டு எடுக்கிறார்கள். காய்ந்தபின் கண்ணாடி கழன்று வந்தால் அதன் வழவழப்பு கல்லில் இருக்கும். ஒரே ஒரு கல்லின் பூவைப் படமெடுத்துக் கொடுத்து, 'இதே பூ எந்தத் தரையில்?' என்று கேட்டாலே பாதி விளையாட்டு முடிந்தது.

நான் எடுத்தது தண்ணீர். வற்றாத ஆறு இல்லாத பூமி இது. வானம் பார்த்துத்தான் பிழைப்பு. அதனால் வீட்டைக் கட்டும்போதே மழைக்கு வழி போட்டிருக்கிறார்கள். நாலு பக்க ஓட்டுக் கூரையும் முற்றத்தை நோக்கிச் சரியும். விழும் மழையை அண்டாவிலும் கிடாரத்திலும் பிடித்துக்கொள்வார்கள், மிஞ்சியது கல் வாய்க்கால் வழியாகத் தெருவுக்கு வரும், தெரு வாய்க்கால் ஊருணிக்குப் போகும். ஒரு மழைத்துளி கூரையில் விழுந்து ஊருணியில் போய்ச் சேரும் வழி என்று வைத்துக்கொண்டேன். எட்டு நிறுத்தம். கதைக்கு ஒரு தொடக்கமும் முடிவும் இருந்தால் பிள்ளைகள் பாதியில் கழன்றுகொள்வதில்லை.

கைபேசியைப் பையில் போட்டுவிட்டு நடங்கள்

வீட்டில் உட்கார்ந்து வரைபடத்தைப் பார்த்துத் துப்பு எழுதாதீர்கள். காலை ஆறரைக்குக் கிளம்பி ஒரு சுற்று நடந்துவிட்டு வாருங்கள். மொத்த வழி ஒன்றரை, இரண்டு கிலோமீட்டருக்குள் இருக்கட்டும். ஒன்பதரைக்கு மேல் எங்கள் ஊர் வெயிலில் தெருநாய்கூட நடக்காது.

போகிற வழியில் எண்ணக்கூடியவற்றை எல்லாம் குறித்துக்கொள்ளுங்கள். முகப்பில் எத்தனை தூண், நிலைக்கதவில் எத்தனை குமிழ், சுதையில் துப்பாக்கி பிடித்து நிற்கும் வெள்ளைக்காரச் சிப்பாய் எத்தனை பேர், ஊருணிப் படித்துறையில் எத்தனை படி. கடைசியாகச் சொன்னது மட்டும் ஆபத்து. மழைக்காலத்தில் பாதிப் படி தண்ணீருக்குள் போய்விடும், பதில் மாதத்துக்கு மாதம் மாறும்.

இன்னொரு ஆபத்தும் உண்டு. பழைய கதவும் தூணும் என்றைக்கும் அங்கேயே இருக்கும் என்று நினைக்காதீர்கள். வீட்டைப் பிரித்து விற்கிறார்கள். ஆறு மாதம் கழித்து உங்கள் கேள்விக்கான பதில் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் ஏதாவது ஒரு பழம்பொருள் கடையில் சாய்த்துவைக்கப்பட்டிருக்கலாம். எனவே ஒவ்வொரு நிறுத்தத்துக்கும் ஒரு மாற்றுக் கேள்வியை எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

எல்லாக் கேள்விக்கும் தெருவில் நின்றே பதில் கிடைக்க வேண்டும். பூட்டிக் கிடக்கும் வீடு என்றால் ஆளில்லாத வீடு என்று பொருளில்லை. ஒரு வீட்டுக்குப் பத்து இருபது பங்காளிகள் இருப்பார்கள், ஒருவர் 'உள்ளே போய்ப் பாருங்க' என்றாலும் இன்னொருவருக்குப் பிடிக்காமல் போகலாம். கானாடுகாத்தான் அரண்மனையையும் வெளியிலிருந்து பார்ப்பதாகவே வைத்து எழுதுங்கள். வளவைக் காட்டியே ஆகவேண்டும் என்றால், ஆத்தங்குடி பெரிய வீடு மாதிரி கட்டணம் வாங்கிக்கொண்டு பார்க்கவிடும் இடத்தைச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

துப்பு எழுதுவது

வேட்டையின் உயிர் இங்கேதான் இருக்கிறது. மற்றதெல்லாம் அரை மணி நேர வேலை.

'செட்டிநாடு அரண்மனையைக் கட்டியவர் யார்?' என்று என் முதல் பட்டியலில் எழுதியிருந்தேன். பந்தியில் உட்கார்ந்தபடியே ஒரு பயல் கூகுளில் தேடி 'ராஜா சர் அண்ணாமலை செட்டியார்' என்று தட்டிவிட்டான். அவன் இலையைவிட்டு எழுந்திருக்கவே இல்லை. அவனுக்குப் பக்கத்தில் இருந்தவள் 'அண்ணாமலைச் செட்டியார்' என்று ஒற்றெழுத்தோடு சரியாக எழுதினாள், அது தவறு என்று வந்தது. ஒரே கேள்வியில் இரண்டு பாடம்: இணையத்தில் கிடைக்கும் பதில் உதவாது, எழுத்தால் எழுதும் பதில் தொல்லை. கஜலட்சுமியா கஜலக்ஷ்மியா என்று கைபேசிக்குப் புரியவைக்க முடியாது. பதிலை எண்ணாகவே வையுங்கள்.

எண்ணிலும் ஒரு திருட்டு வழி இருக்கிறது. 1, 2, 3 என்று வரிசையாகத் தட்டிக்கொண்டே போனால் எப்படியும் கதவு திறந்துவிடும். அதே பயல்தான் கண்டுபிடித்தான், வாழ்க. இரண்டு எண்ணிக்கையைப் பெருக்கி எழுதச் சொல்லிவிட்டேன். முகப்புத் தூணை மேல்மாடி ஜன்னலால் பெருக்கு என்றால் தட்டிப் பார்க்கிற பொறுமை யாருக்கும் வராது.

துப்பை விடுகதையாக எழுதினால் சுவை கூடும். கூரையிலிருந்து நீட்டிக்கொண்டிருக்கும் தண்ணீர்த் தூம்புக்கு நான் எழுதியது:

மழை வந்தா வாயால கொட்டுவான்,
வெயில் வந்தா வாய்பிளந்து நிப்பான்.
கிழக்குப் பார்த்த முகப்புல இவன்கூடப் பிறந்தவங்க எத்தனை பேரு?

எதை எண்ண வேண்டும் என்பதில் மட்டும் விளையாடாதீர்கள். சுவரோடு ஒட்டிய அரைத்தூண் கணக்கில் வருமா வராதா என்று இரண்டு அணிகளுக்கு நடுத்தெருவில் சண்டை. 'தெருவில் நின்று பார்த்தால் முழு உருண்டையாகத் தெரியும் தூண்கள்' என்று மாற்றிய பிறகுதான் அமைதி வந்தது.

பதில் சரியானதும் இரண்டு வரித் தகவல் கொடுங்கள். சுவரைத் தொட்டுப் பார்க்கச் சொல்லி, சுண்ணாம்போடு முட்டை வெள்ளைக்கருவும் கடுக்காயும் சேர்த்துப் பூசிய பளபளப்பு என்று சொல்லலாம். மூன்றாவது வரி எழுதினால் படிக்கமாட்டார்கள், பார்த்துவிட்டேன்.

கைபேசிக்குள் ஏற்றுவது

இதற்கென்றே செயலிகள் இருக்கின்றன. ஜெர்மனியில் உருவான ஆக்‌ஷன்பவுண்ட் அதில் ஒன்று. கணினியில் வேட்டையை அமைத்தால், கைபேசியில் இடத்தைக் காட்டும், வினா கேட்கும், க்யூஆர் குறியீட்டைப் படிக்கும். முதல்முறை செய்கிறவர்களுக்கு நான் சொல்வது கூகுள் படிவம்தான். சித்தப்பா, பெரியம்மாவின் கைபேசியிலும் எதையும் நிறுவாமல் திறக்கும்.

புதிய படிவம் திறந்து, ஒவ்வொரு நிறுத்தத்துக்கும் 'ஆட் செக்‌ஷன்' அழுத்தித் தனிப் பகுதி போடுங்கள். விடுகதையைப் பகுதியின் விளக்கத்தில் எழுதுங்கள். கேள்வி வகை 'ஷார்ட் ஆன்சர்'. கேள்விக்குக் கீழே மூன்று புள்ளியைத் தொட்டால் 'ரெஸ்பான்ஸ் வேலிடேஷன்' வரும். அதில் 'நம்பர்', 'ஈக்வல் டு' என்று தேர்ந்து பதிலைப் போடுங்கள். பக்கத்தில் தவறுக்கான செய்தி எழுத ஓர் இடம் இருக்கிறதே, அதை வீணாக்காதீர்கள். 'தவறு' என்று எழுதுவதற்குப் பதில் 'மாடியை விட்டுட்டீங்களோ?' என்று எழுதினால் அதுவே இரண்டாவது துப்பு.

'ரிக்வயர்டு' என்ற பொத்தானைப் போட மறந்தால் எல்லாம் போச்சு. பதிலே எழுதாமல் 'நெக்ஸ்ட்' அழுத்திக் கடைசிவரை போய்விடலாம். '8 தூண்' என்று எழுதினாலும் ஏற்காது, எண் மட்டும் என்று முதல் பக்கத்திலேயே சொல்லிவிடுங்கள். விளையாடுகிறவர்கள் கூகுள் கணக்கில் உள்நுழைந்து திறந்தால், நடுவில் அழைப்பு வந்து பக்கம் மூடிப்போனாலும் எழுதிய பதில்கள் இருக்கும்.

வரைபடத்தில் புள்ளி வைப்பது

இந்த ஊருக்கே உரிய சிக்கல் ஒன்று. எங்கள் வீடுகள் ஒரு தெருவில் தொடங்கி அடுத்த தெருவில் முடியும். முகப்பு இங்கே, பின்கட்டுக் கதவு அங்கே. வரைபடத்தில் வீட்டின் பெயரைத் தட்டினால் புள்ளி வீட்டுக்கு நடுவில் விழும், வழிகாட்டும் கோடு எந்தத் தெரு பக்கமோ அங்கே கொண்டுபோய் விடும். முதல் தடவை ஓர் அணி முழுவதும் ஒரு வீட்டின் பின்கட்டு வாசலில் நின்றுகொண்டு இல்லாத தூணை எண்ணிக்கொண்டிருந்தது. உள்ளிருந்து ஓர் ஆச்சி வந்து, "யாரு நீங்க, எந்த வீட்டுக்கு வந்திருக்கீக?" என்று கேட்டு, விஷயம் புரிந்ததும் சிரித்து, தண்ணீர் கொடுத்து முன்தெருவுக்கு அனுப்பிவைத்தார்கள்.

ஆகவே பெயரைத் தேடாதீர்கள். நீங்களே முகப்புக்கு எதிரே நின்று, வரைபடத்தில் அந்த இடத்தை அழுத்திப் பிடித்து, விழும் புள்ளியின் இணைப்பை நகலெடுத்துப் படிவத்தின் அந்தப் பகுதி விளக்கத்தில் ஒட்டுங்கள். திறந்தவெளியில் கைபேசியின் கணிப்பு ஐந்து மீட்டர் அளவுக்கு முன்பின் இருக்கும், சுவரோரம் இன்னும் கூடும். செயலியில் 'இதற்குள் வந்தால் சரி' என்று இடத்தைச் சுற்றி வட்டம் வரையச் சொன்னால் முப்பது மீட்டர் கொடுத்துவிடுங்கள்.

ஆளைவிட்டு ஓட்டிப் பாருங்கள்

ஊர் தெரியாத ஒருவரிடம் இணைப்பைக் கொடுத்து அனுப்புங்கள். நீங்கள் பத்தடி பின்னால் வாயை மூடிக்கொண்டு போங்கள். அதுதான் கஷ்டம். எங்கே நின்று விழிக்கிறார் என்று குறித்துக்கொண்டு அந்தத் துப்பைத் திருத்துங்கள். ஐந்து நிமிடத்துக்கு மேல் ஓரிடத்தில் நின்றால் குற்றம் உங்கள் துப்பில்தான். எந்த மூலையில் சிக்னல் போகிறது என்பதும் அப்போதே தெரியும். அங்கே உள்ள நிறுத்தத்தை வேறு இடத்துக்கு நகர்த்துங்கள்.

முதல் பக்கத்தில் நான் எழுதிவைத்திருப்பவை: தண்ணீரும் தொப்பியும் எடுத்துக்கொள், சின்னப் பிள்ளைகள் பெரியவர் இல்லாமல் ஊருணிப் படியில் இறங்கக்கூடாது, ஆட்களைப் படமெடுக்கும் முன் கேள், திண்ணையில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு வணக்கம் சொல். கடைசியாகச் சொன்னதைப் பின்பற்றிய அணி சீக்கிரம் முடித்தது. திண்ணையில் இருந்தவர்களே பாதித் துப்பை அவிழ்த்துக் கொடுத்துவிட்டார்கள், நான் அதைத் தடைசெய்யவில்லை.

படிவத்தின் 'செட்டிங்ஸ்' உள்ளே, முடித்ததும் தோன்றும் செய்தியை மாற்றலாம். என்னுடையதில் இப்படி இருக்கிறது: 'துளி ஊருணிக்கு வந்து சேர்ந்தாச்சு. படித்துறையில் ஒரு படம் எடுத்து அனுப்பிவிட்டு நேரே சமையல்கட்டுக்கு வாங்க. கந்தரப்பம் சூடா இருக்கு, முதல்ல வர்ற அணிக்கு ரெண்டு கூடுதல்.'