மந்திரச் சுவடியில் புள்ளி வைக்காதீர்கள்

ஞாயிற்றுக்கிழமை காலைகளில் வேலூர்க் கோட்டை அகழி ஓரமாக ஏழெட்டுப் பேர் உட்கார்ந்து, எழுதியதை வாசித்துக் காட்டுவோம். பெரும்பாலும் மாய உலகக் கதைகள். போன மாதம் மட்டும் மூன்று கதைகளில் பழங்காலத்து மந்திரச் சுவடி வந்தது. மூன்றிலும் நான் 15 வருடத்துக்கு முன்னால் விழுந்த அதே பள்ளங்கள். சந்திப்பிழை, நீள வசனம் பற்றியெல்லாம் இங்கே பேசப் போவதில்லை. அவை எழுத எழுதச் சரியாகிவிடும். இவை ஆகாது.

தோல் அட்டை

பனங்காடு, ஏரிக்கரை, மதகு என்று அழகாக ஓர் உலகத்தை அமைத்துவிட்டு, நடுவில் இரும்புப் பூட்டுப் போட்ட தோல் அட்டைப் புத்தகத்தை வைக்கிறார்கள். ஆம்பூரும் ராணிப்பேட்டையும் பக்கத்திலேயே இருப்பதால் தோல்மீது ஒரு பாசம் போல. அந்த உலகத்துக்குக் காகிதம் எங்கிருந்து வந்தது என்று கேட்டால் முழிக்கிறார்கள். பனை நிற்கிறதே, ஓலை போதாதா? மேலும் கீழும் மரச்சட்டம், ஓலையில் துளை, துளையில் ஒரு கயிறு. அந்தக் கயிறு அறுந்து ஏடுகள் கலைந்தால் காய்ச்சலுக்கான மந்திரத்தின் வால், பேயை எழுப்பும் மந்திரத்தில் போய் ஒட்டிக்கொள்ளும். பூட்டினால் இந்தக் கலவரம் கிடைக்குமா?

ரத்தத்தால் எழுதிய ஏடு

வேண்டாம். ஓலையில் கீறித்தான் எழுதுவார்கள்.

புள்ளி

இதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு எரிச்சல் வரும்.

என் முதல் நாவலில் 'மணற்சுவடி' என்று ஒன்றைக் கற்பனை செய்தேன். நம் பாலாறு மாதிரி மேலே மணலும் அடியில் ஊற்றுமாக ஓர் ஆறு. அதற்கடியில் புதைந்த சுவடி. கதையின் முடிச்சு இதுதான்: கடைசி ஏட்டில் ஒரே ஒரு புள்ளியை வில்லன் சுரண்டி அழித்துவிடுகிறான், மந்திரம் தலைகீழாகிறது. 2 வருட உழைப்பு, 400 பக்கம். எல்லாம் அந்தப் புள்ளியின்மேல்தான் நின்றது.

முடித்த கையோடு, வர்ணனைக்கு நாலு வரி தேறும் என்று, விரிஞ்சிபுரம் பக்கத்தில் பரம்பரைச் சுவடிகள் வைத்திருந்த ஒரு வைத்தியரைப் பார்க்கப் போனேன். துணியைப் பிரித்ததும் வசம்பு வாசனை. ஓர் ஏட்டை உருவிக் கையில் தந்தார். வெறும் ஓலை. வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தால் மயிரிழை மாதிரிக் கீறல்கள், அவ்வளவுதான். விளக்குக் கரியை எண்ணெயில் குழைத்துத் தடவி, துணியால் துடைத்தெடுத்தார். கீறல்களில் மட்டும் கரி தங்கி, வரி வரியாக எழுத்து எழுந்து வந்தது. சொல்லுக்குச் சொல் இடைவெளி கிடையாது. நான் தேடியது புள்ளியை. ஒன்றுகூட இல்லை.

"இன்னா தம்பி தேடுற?"

சொன்னேன். சிரித்துவிட்டார். "எழுத்தாணியால குத்தினா ஓலை பொத்துக்கும்ல? எவன் வைப்பான்?"

இல்லாத புள்ளியை என் வில்லன் மாங்கு மாங்கென்று சுரண்டியிருக்கிறான்.

மெய்யெழுத்துக்கும் எகர ஒகரக் குறிலுக்கும் புள்ளி உண்டு என்கிறது தொல்காப்பியம். சுவடி எழுதியவர்கள் பெரும்பாலும் அதை விட்டுவிட்டார்கள். நெடிலுக்கு இன்று நாம் போடும் இரட்டைச் சுழிக் கொம்பு 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் கொண்டுவந்தது. அதற்கு முந்தைய ஏட்டில் 'கொல' என்று இருந்தால் கொல், கோல், கொல, கோல எதுவாகவும் இருக்கலாம். துணைக்காலும் ரகரமும்கூட ஒரே மாதிரி. இடம் பார்த்துப் படிக்கிறவர்தான் முடிவு செய்ய வேண்டும்.

வில்லனைத் தூக்கினேன். கூடவே 170 பக்கமும் போனது. இப்போது வாயிற்பூதத்தின் முன் நின்று படிக்க வேண்டிய கடைசிச் சொல் அந்தக் 'கொல'தான். 'கோல்' என்று படித்து, கையிலிருக்கும் கோலை நீட்டினால் கதவு திறக்கும். 'கொல்' என்று படித்தால் பூதம் சொன்னபடி செய்யும்.

போன மாதக் கதையில் கதாநாயகன் தூசியை ஊதிவிட்டு, ஏட்டைக் கடகடவென்று படித்துவிட்டான். சொன்னால், "ஃபேன்டஸிதானே சார்" என்கிறார் எழுதிய தம்பி. சரி, ஆறு மேல்நோக்கி ஓடட்டும், மலை பேசட்டும். ஆனால் ஓலை என்று எழுதிவிட்டால் அது ஓலையாக நடந்துகொள்ள வேண்டாமா? பிடிக்கவில்லையா, செப்பேட்டில் வெட்டிக்கொள்ளுங்கள்.

பெயர்

சுவடிக்கு வைத்த பெயரை மூச்சு வாங்காமல் ஒரு தடவை சொல்லிப் பாருங்கள்.

ஐயாயிரம் ஆண்டுப் பழைய ஓலை

பூச்சிக்கும் ஈரத்துக்கும் தப்பி ஓலை சில நூறு ஆண்டு தாங்கினாலே பெரிது. அதற்கு மேல் என்றால் யாரோ படியெடுத்திருக்க வேண்டும், அதையும் பிறகு இன்னொருவர். அந்த ஆளைக் கதையில் யாருமே கண்டுகொள்வதில்லை. நிஜச் சுவடிகளின் கடைசியில் எழுதி முடித்த நாளையும் தன் பெயரையும் போட்டு, பிழை பொறுக்கச் சொல்லிக் கேட்டுக்கொண்டவர்கள் உண்டு. மணற்சுவடியைப் படியெடுத்தவன் ஏழாம் ஏட்டில் தூங்கிவிட்டான். அங்கே ஒரு வரி விட்டுப்போயிற்று. என் இரண்டாம் பாகம் முழுக்க அந்த வரியைத் தேடிப் போகிற கதைதான்.